சிறு குவளை, ஒரே மடக்கு: வாசகர் கேள்வி–பதில்

கேள்வி: ஓசூரில் ஒரு தொழிற்சாலையில் பணிபுரிகிறேன். நண்பரின் பதவி உயர்வுக்காகப் பெங்களூரில் நடந்த விருந்தில், சின்னஞ்சிறு கண்ணாடிக் குவளைகளில் விஸ்கியை ஊற்றி, ஒன்றோடொன்று மோதி, மேசையில் ஒரு தட்டுத் தட்டிவிட்டு எல்லோரும் ஒரே மடக்கில் விழுங்கினார்கள். இதற்கு 'ஷாட்' என்று ஏன் பெயர்? ஊரில் என் சித்தப்பா குடிக்கும் முன் விரலை நனைத்து இரண்டு சொட்டுத் தரையில் தெளிப்பார். அதுவும் இதுவும் ஒரே வகைச் சடங்குதானா?
– ஒரு வாசகர், பாலக்கோடு

பதில்: துப்பாக்கித் தோட்டா ஒன்றைக் கொடுத்து அமெரிக்க மாட்டுக்காரர்கள் ஒரு குவளை விஸ்கி வாங்கியதால் வந்த பெயர் என்ற கதை சுவையானது, ஆனால் அதற்குச் சான்று இல்லை. பழைய ஆங்கிலத்தில், மதுக்கடையில் அவரவர் பங்குக்குச் செலுத்தும் பணத்துக்கும் இச்சொல் வழங்கியது. அளவும் நாட்டுக்கு நாடு மாறும்: அமெரிக்காவில் ஏறக்குறைய 44 மில்லி, பிரிட்டனில் 25 அல்லது 35, நம் ஊரில் சின்ன பெக் என்றால் 30.

குவளையை மோதுவது நஞ்சு கலக்கப்பட்டிருக்கிறதா என்று அறியத்தான் என்பதும் கதையே. அயர்லாந்திலும் ஸ்காட்லாந்திலும் 'ஸ்லான்ச்' என்று சொல்லிக் குடிப்பார்கள். 'நலம்' என்று பொருள். விஸ்கி என்ற சொல்லே அம்மக்களின் கேலிக் (Gaelic) மொழியில் 'உயிர்நீர்' எனப் பொருள்படும் தொடரிலிருந்து வந்ததுதான். மேசையில் தட்டுவது கடைக்காரருக்கும் அங்கே இல்லாத நண்பர்களுக்கும் செய்யும் மரியாதை என்கிறார்கள். கொரியாவில் பெரியவர் ஊற்றும்போது இளையவர் இரு கைகளாலும் குவளையைப் பிடித்து, முகத்தைத் திருப்பிக்கொண்டு குடிப்பார். அண்ணன் வருவதைக் கண்டதும் குவளையை முதுகுக்குப் பின்னால் ஒளிக்கும் நம்மூர்த் தம்பிமார்களுக்கு இது புரியாமல் போகாது. ஆனால் மூன்றாண்டுகளுக்குக் குறையாமல் ஓக் மரப் பீப்பாயில் முதிர்ந்த நல்ல ஸ்காட்ச் விஸ்கியைச் சுவை அறிந்தவர்கள் ஒரே மடக்கில் விழுங்குவதில்லை. மோந்து பார்த்து, சில துளி நீர் விட்டு, மெல்லப் பருகுவார்கள். ஒரே மடக்கு என்பது பெரும்பாலும் நாக்குக்கு எட்டாமல் தொண்டையைத் தாண்ட வைக்கும் உத்தி என்பதே என் கருத்து.

உங்கள் சித்தப்பா செய்வது வேறு. பழமையில் அதன் பக்கத்தில் ஷாட் நிற்கவே முடியாது. உங்கள் மாவட்டத்தின் பழைய பெயர் தகடூர்; அதன் தலைவன் அதியமான். அவன் இறந்த பின் ஔவையார் பாடிய புறநானூற்றின் 232ஆம் பாடலில், அவனுடைய நடுகல்லுக்கு மயிற்பீலி சூட்டி, நாரால் வடித்த கள்ளைச் சிறுகலத்தில் வார்க்கிறார்கள். மலையோடு கூடிய நாட்டையே கொடுத்தாலும் வாங்காதவன், இந்தச் சிறு கலத்துக் கள்ளையா ஏற்றுக்கொள்வான் என்று கேட்டு அவர் கலங்குகிறார். 235ஆம் பாடலோ, கள் கொஞ்சமாகக் கிடைத்தால் எங்களுக்கே கொடுத்துவிடுவானே என்று அழுகிறது. தருமபுரி அருங்காட்சியகத்தில் நடுகற்கள் வரிசையாக நிற்கின்றன. ஒருமுறை போய்ப் பாருங்கள். முனியப்பனுக்குச் சுருட்டோடு வைக்கும் சாராயமும், இறந்த தாத்தாவின் படத்துக்கு முன் வைக்கும் அரைக் குவளை பிராந்தியும், சித்தப்பா தெளிக்கும் இரண்டு சொட்டும் அந்தச் சிறுகலத்தின் வழியில் வந்தவையாகவே எனக்குத் தோன்றுகின்றன. ஷாட்டில் முன்னால் இருப்பவரோடு சேர்ந்து குடிக்கிறார்கள். சித்தப்பாவின் சடங்கிலோ, இல்லாதவருக்கு முதலில் கொடுத்துவிட்டுக் குடிக்கிறார்கள்.

கேள்வி: ராவாக ஒரே மடக்கில் அடித்தால் போதை வேகமாக ஏறி, வேகமாக இறங்கிவிடும் என்கிறார்களே, உண்மையா?
– ஒரு வாசகர், நல்லம்பள்ளி

பதில்: ஏறும் என்பது உண்மை, இறங்கும் என்பது பொய். நம் கடைகளில் விற்கும் விஸ்கியில் வழக்கமாக 42.8 விழுக்காடு ஆல்கஹால் இருக்கும். அதன்படி 30 மில்லியில் ஏறக்குறைய 10 கிராம் ஆல்கஹால் உண்டு; அதை அகற்றக் கல்லீரலுக்கு ஒரு மணி நேரமோ அதற்குச் சற்று அதிகமோ ஆகும். கால் மணி நேரத்தில் நான்கு ஷாட் விழுங்கியவருடைய உடலுக்கு நான்கைந்து மணி நேர வேலை காத்திருக்கிறது. மோர் குடித்தாலும் குளித்தாலும் அது குறையாது. முழு போதையும் தலைக்கேற அரை மணி முதல் ஒரு மணி நேரம் பிடிப்பதால், 'இன்னும் ஒன்றுமே தெரியவில்லையே' என்று அடுத்ததைக் கேட்பதில்தான் ஆபத்து. வண்டி ஓட்டுபவரின் 100 மில்லி இரத்தத்தில் 30 மில்லிகிராமைத் தாண்டினாலே சட்டப்படி குற்றம். தொப்பூர்க் கணவாயின் இறக்கத்தை அன்றாடம் பார்க்கும் ஊர்க்காரர் நீங்கள். இதற்கு மேல் நான் விளக்க வேண்டியதில்லை.

கேள்வி: எனக்குக் குடிப்பழக்கம் இல்லை. மைத்துனர் வீட்டு விருந்தில் மரியாதைக்காக ஒரு ஷாட்டாவது குடித்தே ஆக வேண்டும் என்கிறார்கள். என்ன செய்வது?
– ஒரு வாசகர், ஊத்தங்கரை

பதில்: அதே சிறு குவளையில் சோடாவை ஊற்றி மோதுங்கள். சத்தம் ஒன்றுபோலத்தான் கேட்கும்.