எம்எஸ்ஐ.டிஎல்எல்: வெளியிலிருந்து இறக்காதீர்கள்

நண்பரே, எம்எஸ்ஐ.டிஎல்எல் (மென்பொருளை நிறுவ விண்டோஸ் பயன்படுத்தும் சிஸ்டம் கோப்பு) காணவில்லை என்று வந்ததால் ஏதோ ஒரு தளத்திலிருந்து இறக்கி சிஸ்டம்32-இல் போட்டதாகவும், இப்போது எந்த இன்ஸ்டாலரைத் திறந்தாலும் 0எக்ஸ்சி000007பி பிழை வருவதாகவும் எழுதியிருக்கிறீர்கள். 64 பிட் விண்டோஸ் என்றால் நீங்கள் போட்டது பெரும்பாலும் 32 பிட் கோப்பு, அது பொருந்தாததால்தான் இந்தப் பிழை. பெயர்தான் சிஸ்டம்32, உள்ளே இருக்க வேண்டியது 64 பிட், 32 பிட்டுக்கு உரியது சிஸ்வாவ்64 (மைக்ரோசாஃப்ட் வைத்த பெயர், என்ன சொல்ல!).

அட்மின் உரிமையோடு கமாண்ட் ப்ராம்ப்டைத் திறந்து, முதலில் டிஸ்ம் (விண்டோஸையே பழுதுபார்க்கும் கருவி) கட்டளையை ரெஸ்டோர்ஹெல்த் தேர்வோடு ஓட்டுங்கள், இணையம் வேண்டும், நேரம் எடுக்கும், பாதியில் மூடிவிடாதீர்கள். முடிந்ததும் எஸ்எஃப்சி ஸ்கேன்நவ் கட்டளை, இது சிஸ்டம் கோப்புகளைச் சரிபார்க்கும். இரண்டு கோப்புறைகளிலும் சரியான கோப்பை அதுவே வைத்துவிடும். அப்புறம் ரீஸ்டார்ட் செய்து, ஒரு வைரஸ் ஸ்கேனும் ஓட்டிவிடுங்கள்.

இன்னொன்று, இடம் போதவில்லை என்று விண்டோஸுக்குள் மறைந்திருக்கும் இன்ஸ்டாலர் கோப்புறையை அழித்துவிடாதீர்கள். மென்பொருளை நிறுவ வரும் எம்எஸ்ஐ கோப்பு என்பது உண்மையில் ஒரு சின்ன டேட்டாபேஸ்: எந்தக் கோப்பு எங்கே போக வேண்டும், எந்த ரெஜிஸ்ட்ரி (விண்டோஸ் அமைப்புகளைச் சேமிக்கும் இடம்) பதிவு, ப்ராடக்ட் கோட் (மென்பொருளின் அடையாளக் குறியீடு) என எல்லாம் அட்டவணைகளாக இருக்கும். அதன் பிரதிகள்தான் அங்கே கிடக்கின்றன, அவை போனால் பழைய மென்பொருளை நீக்கவோ பழுதுபார்க்கவோ போகும்போது சிக்கிக்கொள்வீர்கள்.