வெட்சியின் புது இலை மட்டும் மஞ்சளாவது ஏன்?

சிமென்ட் பூசிய சுவரோரம் நிற்கும் உங்கள் வெட்சியின் புது இலை மட்டும் மஞ்சளாவது இரும்புச் சத்துக் குறைபாட்டால், தண்ணீர் போதாததால் அல்ல. நரம்பு பச்சையாக நிற்க இடைப்பகுதி மட்டும் வெளுக்கிறது, அதுவும் கொழுந்து இலையில் தொடங்குகிறது என்று எழுதியிருக்கிறீர்களே, அதுதான் அடையாளம்.

காரணம் பெரும்பாலும் அந்தச் சுவர். சிமென்ட் பூச்சிலிருந்து இறங்கும் சுண்ணாம்பு மண்ணைக் காரத்தன்மை உள்ளதாக்கிவிடும், அப்புறம் மண்ணில் இரும்பு இருந்தாலும் வேரால் எடுக்க முடியாது. வெளிநாட்டுக் காகிதப்பூ பக்கத்திலேயே செழிக்கும்போது நம் ஊர் வெட்சி ஏன் வாடுகிறது என்று கேட்டிருந்தீர்கள். வெட்சி தென்னிந்தியா, இலங்கைச் செடிதான், ஆனால் அதற்குப் புளிப்பான, அதாவது அமிலத்தன்மை உள்ள மண் வேண்டும். தென் அமெரிக்காவிலிருந்து வந்த காகிதப்பூ கார மண்ணை இதைவிட நன்றாகத் தாங்கும். எங்கிருந்து வந்தது என்பதைவிட எந்த மண்ணைத் தாங்கும் என்று பார்த்து நடுவதே நல்லது.

வேர்ப்பக்கத்து மண்ணை ஒரு கைப்பிடி எடுத்துக் காயவைத்து, மேலே வினிகர் விட்டுப் பாருங்கள். நுரைத்தால் சுண்ணாம்பு இருக்கிறது. சரி, அப்படியானால்:

1. இ.டி.டி.எச்.ஏ (EDDHA) வகை கீலேட் இரும்பை, அதாவது வேர் எடுக்கும்படி கரைந்தே நிற்கும் இரும்பு உரத்தை, பொட்டலத்தில் சொன்ன அளவில் வேரில் ஊற்றுங்கள். இ.டி.டி.ஏ (EDTA) வகை கார மண்ணில் சீக்கிரம் செயலிழந்துவிடும்.

2. மட்கிய உரம் போட்டு இலைச் சருகால் மூடாக்கு போடுங்கள். முடிந்தால் சுவரைவிட்டுத் தள்ளி நடுங்கள், அதுதான் நிரந்தரத் தீர்வு.

ஒன்று கவனியுங்கள்: வேரில் தண்ணீர் தேங்கினாலும் இதே மஞ்சள் வரும், அப்போது வடிகாலைச் சரிசெய்யாமல் இரும்பு போட்டுப் பயனில்லை. மஞ்சள் அடி இலையில் தொடங்கியிருந்தால் மக்னீசியமோ நைட்ரஜனோ குறைவாக இருக்கலாம்.