ஒரு ‘ள்’ளின் விலை

கேள்வி: அம்மா 31 வருடம் கொழுந்து பறித்து ஓய்வு பெற்றார். 14 மாதமாகியும் தோட்டம் பணிக்கொடை தரவில்லை. செக்ரோலில் (தோட்டத்தின் வேலைநாள், சம்பளப் பதிவேட்டில்) ‘முத்தம்மா’, அடையாள அட்டையில் ‘முத்தம்மாள்’. “பேர் பிழை, திருத்திக்கொண்டு வா” என்கிறார் பெரிய கிளாக்கர். லோயர் பிடித்துப் பெயரை மாற்றுவதா? எவ்வளவு செலவாகும்?
— ஒரு வாசகி, பொகவந்தலாவை

பதில்: பெரிய கிளாக்கர் வாயிலிருந்து ‘பேர்’ என்ற சொல் வந்ததே, அதை விட்டுவிட்டு என்னால் மேலே போக முடியாது.

கொழும்பு வாசகர்களுக்காகச் சொல்கிறேன். தோட்டத்தில் ஒரு நாள் வேலைக்கு ஒரு பேர். சொன்ன கிலோவை நிறுத்துக் கொடுத்தால் முழுப்பேர், குறைந்தால் அரைப்பேர். “இந்த மாசம் எத்தனை பேர்?” என்று கேட்டால் எந்தப் பெண்ணும் வீட்டு ஆட்களை எண்ண மாட்டாள், சம்பள நாளைத்தான் எண்ணுவாள். இதை நான் எழுதும்போதெல்லாம் மாத்தளையிலிருந்து ஓய்வுபெற்ற தமிழாசிரியர் ஒருவர் “பெயர் என்பதே சரி” என்று தபாலட்டை போடுகிறார். மூன்று வருடமாகப் போடுகிறார். ஐயா, ‘அரைப்பெயர்’ என்று பேப்பரில் எழுதுவார்கள். மலையில் நின்று அப்படிச் சொல்லிப் பாருங்கள், கங்காணியே சிரிப்பார்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். 31 வருடம் அம்மாவுக்குப் பேர் போட்டது யார்? இதே ஆபீஸ்தான். அப்போதெல்லாம் ‘ள்’ எங்கே என்று ஒருவரும் கேட்கவில்லை. காலையில் ஆள் கணக்கெடுக்கும் பிரட்டுக்களத்தில் அவர் முத்தம்மா, தராசடியிலும் முத்தம்மா. கொழுந்து நிறுக்கும்போது தண்ணீருக்கு ஒரு கிலோ, சாக்குக்கு ஒரு கிலோ என்று கழித்துக் கழித்துப் பழகிய கை, கடைசியில் எழுத்தையும் கழித்துவிட்டது போலிருக்கிறது.

என் அத்தை ஓய்வு பெற்றபோது நானும் கூடப் போயிருக்கிறேன். ஜன்னலுக்கு வெளியே நிற்க வேண்டும், நாற்காலியெல்லாம் உள்ளேதான். கிளாக்கர் மூன்று புத்தகங்களை விரித்தார். மூன்றிலும் மூன்று அத்தைகள். ஒன்றில் அத்தையின் பெயரே இல்லை, அவருடைய அப்பாவின் பெயர்தான் இருந்தது. அத்தை கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, “அப்ப மூணு பேருக்கும் தனித்தனியா காசு குடுப்பீங்களா?” என்று கேட்டார். கிளாக்கர் சிரிக்கவில்லை. அத்தையும் சிரிக்கவில்லை, அவர் கணக்குப் பார்த்துக்கொண்டிருந்தார்.

கடதாசியைப் பிடித்துவைத்து ஆளை நிற்கவைப்பது நம் மலைக்குப் புதிதா என்ன? ‘இவர்கள் கடனுக்கு இன்ன தொகை கட்டினால் ஆட்களை விடுகிறேன்’ என்று தோட்டம் எழுதிக் கொடுத்த சீட்டுக்குத் துண்டு என்று பேர். 1921இல் சட்டம் போட்டுத்தான் அதை ஒழிக்க வேண்டியிருந்தது.

நாமும் கணக்குப் பார்ப்போம். 1983ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கப் பணிக்கொடைச் சட்டப்படி, 15 பேருக்குக் குறையாமல் வேலை செய்யும் இடத்தில் ஐந்து வருடம் முடித்த நாட்சம்பளக்காரருக்கு, வருடத்துக்கு 14 நாள் சம்பளம். அதுவும் கடைசியாக வாங்கிய சம்பள விகிதத்தில். அம்மாவுக்கு 434 நாள். நாளுக்கு 1,350 ரூபா என்று வைத்தால் 5,85,900 ரூபா. வேலை முடிந்து 30 நாளுக்குள் கொடுத்திருக்க வேண்டும். பிந்தினால் முதல் மாதத்துக்குள் 10 வீதம் மேலதிகம், அது படிப்படியாக ஏறி, 12 மாதம் தாண்டினால் 30 வீதம். அம்மாவின் கணக்கு தாண்டிவிட்டது. மேலதிகம் மட்டும் 1,75,770 ரூபா. தமிழில் இவ்வளவு விலை போன எழுத்து வேறு இருக்குமா?

பணிக்கொடையில் கைவைக்க முதலாளிக்குச் சட்டம் இடமே தரவில்லை என்று சொல்ல மாட்டேன். மோசடி, கையாடல், வேண்டுமென்றே செய்த சேதம், பொருள் இழப்பு என்று ஒருவரை நிறுத்தியிருந்தால், அந்த நட்டத்தின் அளவுக்குக் கழிக்கலாம். ‘ள்’ காணாமல் போனது அந்தப் பட்டியலில் இல்லை.

லோயரும் வேண்டாம், பேர் மாற்றமும் வேண்டாம். மாற்றினால் பிழை அம்மாவுடையது என்று நீங்களே ஒப்புக்கொண்ட மாதிரி ஆகிவிடும். இரண்டு பேரும் ஒருவரே என்று சமாதான நீதவான் முன்னால் ஒரு சத்தியக்கடதாசி முடியுங்கள். கிராம சேவகரின் கடிதத்தையும் சேர்த்துத் தோட்டத்துக்குக் கொடுங்கள். கொடுக்கும்போது உங்கள் பிரதியில் திகதியும் சீலும் வாங்காமல் ஜன்னலை விட்டு நகரக் கூடாது. அதற்கும் அசையாவிட்டால் தொழில் அலுவலகத்தில் முறைப்பாடு செய்யுங்கள். தொழில் ஆணையாளர் நீதவான் நீதிமன்றத்துக்குச் சான்றிதழ் அனுப்பினால், பணிக்கொடையைத் தண்டப்பணம் வசூலிப்பது போல வசூலித்துக் கொடுப்பார்கள். அப்புறம், ஈபிஎப் (ஊழியர் சேமலாப நிதி) வேறு வாசல். அங்கும் இதே ‘ள்’ வழிமறிக்கும், ஆகவே சத்தியக்கடதாசியில் இரண்டு பிரதி எடுத்துக்கொள்ளுங்கள்.

இதைப் படித்ததும் “முத்தம்மாள் என்பதே சரி” என்று மாத்தளையிலிருந்து தபாலட்டை வரும். வந்ததும் அனுப்பிவைக்கிறேன், அதையும் இணைத்துக் கொடுங்கள்.