விசாரணைக் காட்சிகள் – ஒரு கடிதம்

அன்புள்ள ஐயா,

சினிமா பற்றி நீங்கள் எழுதுவதைத் தொடர்ந்து வாசிக்கிறேன். இப்போது ஒரு குறும்படத்துக்கு எழுதிக்கொண்டிருக்கிறேன். நடுவில் ஒரு போலீஸ் விசாரணைக் காட்சி. அங்கேதான் மாட்டிக்கொண்டு நிற்கிறேன். அமெரிக்கப் படங்களில் ஒரு மேசை, இரண்டு நாற்காலி, ஒரு கோப்பை காபி, அவ்வளவுதான், பேசியே கறந்துவிடுகிறார்கள். நம் படங்களில் கதவைச் சாத்தியதும் லத்தி. நமக்கு வசனம் எழுதத் தெரியவில்லையா, இல்லை நம் ஊரில் அடித்தால்தான் உண்மை வருமா? நண்பர்கள் இரண்டாவதுதான் என்கிறார்கள். நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்?

எம்.,
ஈரோடு

அன்புள்ள எம்.,

உங்கள் நண்பர்கள் மட்டுமா சொல்கிறார்கள்? திருடியவன் என்று பிடிக்கப்பட்ட ஒருவன் கையில் மாவுக்கட்டோடு நிற்கும் புகைப்படம் வந்தால், கழிவறையில் வழுக்கி விழுந்துவிட்டான் என்ற விளக்கத்தை ஊரே சிரித்தபடி பகிர்கிறது. தியேட்டரில் கைதட்டுகிற அதே ஆட்கள்தான். 2020 ஜூனில் சாத்தான்குளத்தில் தந்தையும் மகனும் போலீஸ் காவலில் தாக்கப்பட்டு இறந்தபோது, ஊரடங்கு நேரத்தைத் தாண்டிக் கடை திறந்திருந்தது என்பதுதான் அவர்கள்மேல் சொல்லப்பட்ட புகார். அதில் அடித்துக் கண்டுபிடிக்க என்ன உண்மை ஒளிந்திருந்தது?

சரி, சினிமாவுக்கு வருகிறேன். முதலில் அந்தக் காபிக் கோப்பையை அவ்வளவு நம்பாதீர்கள். "உன் கூட்டாளி எல்லாத்தையும் சொல்லிட்டான்" என்று அங்கே போலீஸ்காரர் பொய் சொல்வதைப் பார்த்திருப்பீர்கள். அது திரைக்கதைக்காரரின் சாமர்த்தியம் மட்டும் இல்லை. அப்படி ஒரு பொய்க்குப் பிறகு வாங்கிய ஒப்புதலும் செல்லும் என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1969இலேயே சொல்லிவிட்டது. நியூயார்க் சென்ட்ரல் பார்க்கில் ஓடப்போன ஒரு பெண் பாலியல் வன்முறைக்கு ஆளான வழக்கை எடுத்துக்கொள்ளுங்கள். 1989இல் பிடிக்கப்பட்ட ஐந்து சிறுவர்களில் நான்கு பேர், மணிக்கணக்கான கேள்விகளுக்குப் பிறகு, கேமரா முன்னால் உட்கார்ந்து ஒப்புக்கொண்டார்கள். டி.என்.ஏ. அவர்களில் யாருக்கும் பொருந்தவில்லை. ஆனாலும் ஐந்து பேரும் சிறைக்குப் போனார்கள். வேறொருவன் தானே முன்வந்து ஒப்புக்கொண்டு, அவனுடைய டி.என்.ஏ. பொருந்திய பிறகு 2002இல்தான் அந்தத் தண்டனைகள் ரத்தாயின். செய்யாததைச் செய்ததாகச் சொல்ல வைக்கப் பேச்சே போதும்.

எனக்கு இரண்டு வகைக் காட்சிகள்மேலும் ஒரே புகார்தான். இரண்டும் ஒரே இடத்தில் முடிகின்றன. எதிரே இருப்பவன் உடைந்து "நான்தான் செஞ்சேன்" என்கிறான், பின்னணி இசை ஏறுகிறது, வழக்கு முடிந்தது. இந்தியாவில் அந்த வாக்கியத்தோடு எதுவும் முடியாது. போலீஸ் அதிகாரியிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலத்தைக் குற்றம் சாட்டப்பட்டவருக்கு எதிராகச் சான்றாக்க முடியாது. 1872 சாட்சியச் சட்டத்தின் 25ஆம் பிரிவு அதைத்தான் சொன்னது. 2024 ஜூலை முதல் நடைமுறையில் இருக்கும் புதிய சட்டத்தில் அது 23ஆம் பிரிவு. எண்தான் மாறியிருக்கிறது.

இந்த அவநம்பிக்கையில் நம் ஊருக்கு நேரடியான பங்கு உண்டு. நிலவரி வசூலுக்கும் குற்றத்தை ஒப்புக்கொள்ள வைப்பதற்கும் நடக்கும் கொடுமைகளை விசாரிக்கச் சென்னை மாகாணத்தில் ஒரு குழு அமைத்தார்கள். அதன் அறிக்கை 1855இல் வந்தது. கிட்டி, அண்ணாந்தாள் என்று நம் சொற்களே அந்த ஆங்கில அறிக்கையில் வரிசையாக வருகின்றன. கிட்டி என்றால் விரல்களைக் கட்டைகளுக்கு நடுவே வைத்து நெரிப்பது. அண்ணாந்தாள் என்றால் கழுத்தையும் காலையும் கயிற்றால் பிணைத்துக் குனிந்தபடியே நிற்க வைப்பது. வரி வாங்குகிற தாசில்தார் கையிலேயே போலீஸ் அதிகாரமும் இருந்ததுதான் காரணம் என்று குழு சுட்டிக்காட்டியது. போலீஸிடம் கொடுத்த ஒப்புதல் செல்லாது என்று 1861இல் முதலில் சட்டமானதன் பின்னணியில் இந்த அறிக்கையும் இருக்கிறது. வெள்ளைக்காரன் தன் போலீஸையே நம்பவில்லை, அவ்வளவுதான் விஷயம்.

அப்படியானால் ஏன் இன்னும் அடிக்கிறார்கள் என்று கேட்பீர்கள். சட்டத்தில் ஒரு சின்னக் கதவு திறந்தே இருக்கிறது. கைதி சொன்னதை வைத்து ஒரு பொருளைக் கண்டுபிடித்தால், அந்தக் கண்டுபிடிப்புக்கு நேராகக் காரணமான பகுதி மட்டும் செல்லும். பழைய சட்டத்தின் 27ஆம் பிரிவு இது. இதன் எல்லையை வகுத்தது சென்னை மாகாணத்திலிருந்து, அப்போது இந்திய வழக்குகளுக்கும் கடைசி மேல்முறையீட்டு இடமாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சில்வரை போன ஒரு வழக்கு. அந்தத் தீர்ப்பில் வரும் உதாரணம் திரைக்கதை எழுதுபவர்களுக்காகவே சொன்ன மாதிரி இருக்கும். "என் வீட்டுக் கூரையில் ஒளித்து வைத்திருக்கும் கத்தியை எடுத்துத் தருகிறேன்" என்றால் அது செல்லும். கூடவே "அதால்தான் அவனைக் குத்தினேன்" என்று சேர்த்துக்கொண்டால் அந்தத் துண்டு செல்லாது.

ஆக நம் ஸ்டேஷனில் விசாரிப்பவருக்கு உண்மையில் தேவைப்படுவது கத்தி. கூடவே அது எடுக்கப்பட்டதைப் பார்த்ததாகக் கையெழுத்துப் போட இரண்டு சாட்சிகள், அதைப் பதிவுசெய்யும் காகிதமான ஒரு மகஜர். பொருள் ஏற்கெனவே கையில் இருந்து, அது எங்கே கிடைத்தது என்பதை மட்டும் எழுத வேண்டியிருந்தால்? நீதிமன்றங்களில் எதிர்த்தரப்பு வழக்கறிஞர்கள் திரும்பத் திரும்பக் கிளப்பும் சந்தேகம் இது. திரையில் இது அநேகமாக வருவதே இல்லை. இன்னொரு சுவையான விஷயம், நம் ஊர்க் கொலை வழக்குகளில் அடிக்கடி வருவது: குற்றவாளி நேராகக் கிராம நிர்வாக அலுவலரிடம் போய் எல்லாவற்றையும் கொட்டிவிடுகிறான். வி.ஏ.ஓ. போலீஸ் இல்லையே, அதனால் அது செல்லும் என்பது கணக்கு. முன்பின் தெரியாத ஒரு வி.ஏ.ஓ.வைத் தேடிப்போய் ஒருவன் ஏன் மனம் திறக்க வேண்டும் என்று நீதிபதிகள் கேட்டதும் உண்டு, ஏற்றுக்கொண்டதும் உண்டு. ஒரு முழுப் படத்துக்கான கரு அங்கே கிடக்கிறது. ஒருவரும் எடுக்க மாட்டேன் என்கிறார்கள்.

வெற்றிமாறனின் 'விசாரணை' எனக்கு முக்கியமானது இந்தக் காரணத்தால்தான். குண்டூரில் போலீஸ் பிடித்துவைத்திருக்கும் தமிழ்த் தொழிலாளிப் பையன்களிடம் "திருடினாயா" என்று யாரும் அறிந்துகொள்ளக் கேட்கவில்லை. முடிக்க வேண்டிய வழக்கு ஒன்று தயாராக இருக்கிறது. அதை ஏற்றுக்கொள்ள ஆள் வேண்டும். அடி முழுவதும் அதற்குத்தான்.

ஆனால் நீங்கள் கட்டாயம் பார்க்க வேண்டியது போங் ஜூன்-ஹோவின் கொரியப் படம், 'மெமரிஸ் ஆஃப் மர்டர்', 2003. எண்பதுகளின் பிற்பகுதியில் ஹ்வாசோங்கில் தொடங்கிய தொடர் கொலைகளை வைத்து எடுத்தது. அதில் ஒரு போலீஸ்காரர் உதைப்பதற்கு முன்னால் தன் பூட்ஸுக்கு ஒரு துணி உறையை மாட்டிக்கொள்வார். உதைத்த பிறகு எல்லோரும் சேர்ந்து நூடுல்ஸ் சாப்பிட்டுக்கொண்டு, சந்தேகத்தின்பேரில் பிடித்துவந்த அந்த மனவளர்ச்சி குன்றிய பையனையும் பக்கத்தில் உட்காரவைத்து, டிவியில் துப்பறியும் தொடர் பார்ப்பார்கள். எனக்குத் தெரிந்து போலீஸ் அறையைப் பற்றி சினிமா காட்டியதில் இதைவிடப் பயங்கரமானது இல்லை. விரோதமே இல்லாமல், சாப்பாட்டு இடைவேளையோடு, ஒரு பையனிடம் வாக்குமூலத்தைச் சொல்லிக்கொடுத்து மனப்பாடம் செய்ய வைக்கிறார்கள். பிறகு பத்திரிகைக்காரர்கள் முன்னால் அவனை நடித்துக் காட்டச் சொல்லும்போது எல்லாம் கவிழ்கிறது.

படம் வந்து பல வருடம் கழித்து, 2019இல், டி.என்.ஏ. மூலம் உண்மையான கொலைகாரன் தெரிந்தான். வேறொரு கொலைக்காக ஆயுள் தண்டனையில் ஏற்கெனவே சிறையில்தான் இருந்தான். அவன் ஒப்புக்கொண்டவற்றில் 1988இல் நடந்த ஒரு கொலையும் இருந்தது. அந்தக் கொலையை ஒப்புக்கொண்டதாக வேறொரு இளைஞர் சுமார் இருபது வருடம் சிறையில் கழித்து 2009இல் வெளியே வந்திருந்தார். தூங்கவிடாமல் அடித்து வாங்கிய வாக்குமூலம் என்று அவர் சொல்லிவந்தது 2020 டிசம்பரில்தான் ஏற்கப்பட்டது, குற்றமற்றவர் என்று நீதிமன்றம் சொன்னது.

உங்கள் குறும்படத்துக்கு வருவோம். லத்தியா வசனமா என்று யோசிப்பதை நிறுத்திவிட்டு, அந்த அறையில் இருப்பவர்களுக்கு விடிவதற்குள் என்ன காகிதம் தேவை என்று யோசியுங்கள். ஸ்டேஷன் ரைட்டரை உள்ளே கொண்டுவாருங்கள். எழுதுகிறவர் அவர்தானே, நம் படங்களில் அவருக்கு ஏன் எப்போதும் ஒரு மூலையே கிடைக்கிறது? மகஜரில் கையெழுத்துப் போட ராத்திரி இரண்டு மணிக்கு எழுப்பிக் கூட்டிவரப்பட்ட டீக்கடைக்காரர் ஒருவரை வையுங்கள். அவர் எதைப் பார்த்தார் என்று இன்ஸ்பெக்டர் அவருக்கே சொல்லிக்கொண்டிருக்கட்டும், அவரும் தலையாட்டிக்கொண்டிருக்கட்டும். பையன் உள்ளே அழுவது கேட்டால் போதும், காட்ட வேண்டியதில்லை. காட்சியை எழுதி முடித்ததும் அனுப்புங்கள், வாசிக்கிறேன்.