அப்பாவுக்கு வலது நுரையீரல்ல நிமோனியா. இடது பக்கம் படுத்தா ஆக்ஸிஜன் 95, வலது பக்கம் திரும்பினா 88. மெஷின் கோளாறா? ஒரு பக்கம் கெட்டா இன்னொரு பக்கம் ஈடு கட்டாதா?

மெஷின சந்தேகப்பட்டது சரிதாங்க. நான் பதினோரு வருஷமா ஐசியூல ஸ்டாஃப் நர்ஸா இருக்கேன், ராத்திரி டியூட்டில அடிக்கற அலாரத்துல பாதி அந்த விரல்ல மாட்டற கிளிப் பண்ற சேட்டைதான். அப்பா வலது பக்கம் படுத்திருக்கறப்ப கிளிப்பும் வலது கையில இருந்துச்சுன்னா, கை ஒடம்புக்கு அடியில நசுங்கி விரலுக்கு ரத்தம் சரியா வராது, மெஷின் வாய்க்கு வந்தத காட்டும். அதனால எந்தப் பக்கம் படுத்தாலும் மேல இருக்கற கையில மாட்டுங்க, விரல் ஜில்லுனு இருந்தா தேய்ச்சு சூடு பண்ணுங்க, திரும்பின உடனே பாக்காம ஒரு அஞ்சு நிமிஷம் கழிச்சு பாருங்க. அப்பவும் அதே 95, அதே 88 தான்னா மெஷின் மேல தப்பு இல்ல, அப்பாவோட நுரையீரல் உண்மையத்தான் சொல்லுது.

ஆக்ஸிஜன் ஒடம்புக்குள்ள போறதுக்கு காத்து உள்ள வந்தா மட்டும் பத்தாது, ரத்தம் ஓடினா மட்டும் பத்தாது, ரெண்டும் ஒரே எடத்துக்கு வரணும். நம்ம கல்யாண வீட்டு பந்தியையே எடுத்துக்கோங்க. ரத்தம்ங்கறது வந்து உக்கார்ற ஆளுங்க, காத்துங்கறது பரிமாறறவங்க. எந்த வரிசையில ஆளு உக்காந்திருக்கோ அந்த வரிசைக்கு வாளி வரணும். ஆளே இல்லாத வரிசையில போய் சோத்த கொட்டினா வீண். வாளியே வராத வரிசையில ஆள உக்கார வெச்சா அவங்க பசியோட எந்திரிச்சு போவாங்க. நுரையீரல்ல ஏறக்குறைய முப்பது கோடிக்கு மேல குட்டிக் குட்டி காத்துப்பை இருக்கு, அத்தனையும் ஒவ்வொரு இலைன்னு வெச்சுக்கோங்க. சும்மா உக்காந்திருக்கறப்ப நிமிஷத்துக்கு சுமார் 4 லிட்டர் காத்து அந்தப் பைகளுக்கு போய் சேருது, சுமார் 5 லிட்டர் ரத்தம் அதச் சுத்தி ஓடுது, 4 பை 5, 0.8. டாக்டருங்க ரவுண்ட்ஸ்ல வி/க்யூ வி/க்யூன்னு பேசிக்கறது இதத்தான், வி-ன்னா காத்து, க்யூ-ன்னா ரத்தம்.

நிமோனியாவுல என்ன ஆகுதுன்னா அந்தக் காத்துப்பைக்குள்ள சளியும் நீரும் ரொம்பிடுது. அந்த வரிசைக்கு வாளி வர முடியாது. ஆனா ரத்தம் பாட்டுக்கு அங்கயும் போய்க்கிட்டுதான் இருக்கும், ஆக்ஸிஜன் எடுக்காம போன மாதிரியே திரும்பி வந்து நல்ல ரத்தத்தோட கலந்துடும்.

இப்ப உங்க ரெண்டாவது கேள்வி, இன்னொரு பக்கம் ஈடு கட்டாதான்னு. கட்டாதுங்க. எங்க வார்டுல படிச்சவங்க படிக்காதவங்க எல்லாரும் கேக்கற கேள்வி இது, நானும் படிக்கற காலத்துல கட்டும்னுதான் நெனச்சேன். நல்ல பக்கத்துல போற ரத்தம் ஏற்கனவே 97, 98 சதவீதம் ரொம்பித்தான் வெளிய வருது, அதுக்கு மேல வயித்துல எடம் இல்ல. முதல் வரிசையில உக்காந்தவர் என்னதான் நல்லா சாப்பிட்டாலும் மூணாவது வரிசையில பசியோட போனவருக்கும் சேர்த்து சாப்பிட முடியாதுல்ல. கணக்கு போட்டே பாருங்க, பாதி ரத்தம் நல்ல பக்கமா போய் 98ல வருது, பாதி கெட்ட பக்கமா போய் ஒண்ணும் எடுக்காம, ஒடம்ப சுத்திட்டு வந்தப்ப இருந்த 75லயே வருதுன்னு வெச்சா, ரெண்டும் கலந்தா 86, 87. அதே ரத்தத்துல முக்கால்வாசி நல்ல பக்கம் போனா 92க்கு மேல வந்துடும். நுரையீரல் அதேதான், மருந்து அதேதான், ரத்தம் எந்தப் பக்கம் ஜாஸ்தி போகுதுங்கறது மட்டும்தான் மாறியிருக்கு.

கார்பன் டை ஆக்சைடு கதை மட்டும் வேற. அது எச்சில் இலை எடுக்கற மாதிரி, ஒரு வரிசையில தேங்கினத இன்னொரு வரிசையில வேகமா எடுத்து ஈடு கட்டிடலாம், அப்பா வேக வேகமா மூச்சு வாங்கறாருன்னா நல்ல பக்கம் அந்த வேலையத்தான் செய்யுது. அதனாலதான் ஏபிஜி ரிப்போர்ட்ல, அதாவது தமனியில ரத்தம் எடுத்து ரெண்டு வாயுவையும் பாக்கற டெஸ்ட்ல, ஆக்ஸிஜன் கொறஞ்சிருக்கும், கார்பன் டை ஆக்சைடு நார்மலாவோ அதவிட கம்மியாவோ இருக்கும், அத பாத்து "பாதி நல்லாதானே இருக்கு"ன்னு ஏமாந்துடாதீங்க.

சரி, படுக்கற பக்கத்துக்கும் ரத்தம் போறதுக்கும் என்ன சம்மந்தம்? கைக்கு பிபி பாக்கறப்ப 120ன்னு வருதே, நுரையீரலுக்கு ரத்தத்த தள்ளற வலது பக்க இதயத்தோட பிரஷர் அதுல அஞ்சுல ஒரு பங்குதான், மேல் அளவே 25 கிட்ட. நுரையீரல் மேலருந்து கீழ வரைக்கும் ஒரு 30 சென்டிமீட்டர் ஒசரம் இருக்கும். மூணாவது மாடி டேங்குக்கு சின்ன மோட்டார் போட்ட வீடு மாதிரிதான், கீழ் வீட்டுக்காரங்களுக்கு தண்ணி கொட்டும், மேல் வீட்டுல நூலாட்டம் வரும். 1960ல லண்டன் ஹாமர்ஸ்மித் ஆஸ்பத்திரியில ஜான் வெஸ்ட், டோலரின்னு ரெண்டு டாக்டருங்க, கதிரியக்கம் ஏத்தின கார்பன் டை ஆக்சைட ஒரு மூச்சு இழுக்க வெச்சு, நெஞ்சுக்கு வெளிய கவுண்டர் வெச்சு எந்த எடத்துல எவ்ளோ வேகமா ரத்தம் அத அடிச்சிட்டு போகுதுன்னு அளந்தே பாத்துட்டாங்க. நின்னுக்கிட்டோ உக்காந்துக்கிட்டோ இருந்தா கீழ ரத்தம் ரொம்ப ஜாஸ்தி, நுனியில ரொம்ப கம்மி. காத்தும் கீழதான் ஜாஸ்தி போகுது, ஆனா ரத்தம் அளவுக்கு வித்தியாசம் இல்ல. அதனால அடியில அந்த 0.8 கொறஞ்சு 0.6 ஆகுது, மேல் நுனியில 3 வரைக்கும் போகுது. டிபி கிருமி பெரும்பாலும் நுனியில போய் உக்கார்றதுக்கு அங்க ஆக்ஸிஜன் தேங்கி நிக்கறதும் ஒரு காரணம்னு சொல்லுவாங்க.

இப்ப அப்பாவுக்கு வாங்க. வலது பக்கம் படுத்தா வலது நுரையீரல் கீழ, கெட்ட வரிசையில போய் ஆள் குமியறாங்க, 88. இடது பக்கம் படுத்தா நல்ல நுரையீரல் கீழ, ரத்தமும் அங்க, காத்தும் அங்க, 95. அவ்ளோதாங்க விஷயம். ஒடம்பு நல்லா இருக்கற ஆள் எந்தப் பக்கம் உருண்டாலும் ஒண்ணும் தெரியாது, கீழ் பக்கத்துக்கு ரத்தத்தோட சேந்து காத்தும் கூடுதலா போயிடும்.

இதுல ஒடம்பு சும்மா வேடிக்க பாத்துக்கிட்டு இருக்கான்னா, இல்ல. பந்தி விசாரிக்கறவர்னு ஒருத்தர் தோள்ல துண்ட போட்டுக்கிட்டு நிப்பாருல்ல, "அந்த வரிசைக்கு இன்னும் சாம்பார் வரல, நீங்க இப்படி வந்து உக்காருங்க"ன்னு, அந்த மாதிரி ஒரு ஆள் நுரையீரலுக்குள்ளயே இருக்கார். ஒரு எடத்துல ஆக்ஸிஜன் கொறஞ்சா அங்க போற குட்டி ரத்தக்குழாய் தானா சுருங்கி, ரத்தத்த நல்ல எடத்துக்கு திருப்பி விடும், சில நொடியிலயே ஆரம்பிச்சுடும். ஸ்வீடன்ல ஆய்லரும் லில்யஸ்ட்ராண்டும் 1946ல பூனைய வெச்சு இத காட்டினாங்க. ஒடம்புல வேற எங்க வேணா பாருங்க, ஆக்ஸிஜன் கொறஞ்சா ரத்தக்குழாய் விரியும், நுரையீரல்ல மட்டும் தலைகீழ். மூளை உத்தரவு போட்டு நடக்கறதும் இல்ல, நரம்பு அத்தனையும் வெட்டி நுரையீரல தனியா எடுத்து வெச்சு பாத்தாலும் அது பாட்டுக்கு சுருங்குது. எனக்கு இத்தன வருஷம் கழிச்சும் இது ஒரு ஆச்சரியம்தான். வயித்துல இருக்கற கொழந்தைக்கு நுரையீரல் முழுக்க இப்படித்தான் சுருங்கிக் கெடக்கும், அங்க போய் ரத்தத்துக்கு வேலையே இல்லையே, பொறந்து வீல்னு மொத அழுகை அழுது காத்து உள்ள போன அந்த நிமிஷத்துலதான் குழாய் எல்லாம் தெறக்கும்.

அப்ப உங்க அப்பாவுக்கு அந்த விசாரிப்பு ஏன் நடக்கலன்னா, நிமோனியா மாதிரி வீக்கமும் அழற்சியும் இருக்கற எடத்துல அந்த சுருங்கற குணம் மங்கிப் போயிடுது. விசாரிக்க வேண்டியவரே காய்ச்சல்ல படுத்துக்கிட்டாரு. அதனாலதான் நாம கையால ஆள திருப்பி விட வேண்டியிருக்கு.

இதே விசாரிப்பு சில நேரம் வம்பும் பண்ணும். லடாக் மாதிரி 3500 மீட்டர் ஒசரத்துக்கு ஃப்ளைட்ல போய் எறங்கினவங்களுக்கு நுரையீரல் முழுக்க ஆக்ஸிஜன் கம்மி, எல்லா வரிசையிலயும் "இங்க வராதீங்க"ன்னு சுருங்கினா ஆளுங்க எங்கதான் போவாங்க, பிரஷர் ஏறி சில பேருக்கு நுரையீரல்ல நீர் கோத்துக்கும். அந்த மலையில வாழற யாக் மாட்டுக்கு அந்த சுருங்கற குணமே ரொம்ப கம்மி, அதனால அது அங்க நிம்மதியா மேயுது.

இன்னொண்ணு, பல வருஷம் பீடி சிகரெட் பிடிச்சு சிஓபிடிங்கற நாள்பட்ட மூச்சுக்குழாய் அடைப்பு நோய் வந்தவங்களுக்கு ஆக்ஸிஜன் வைக்கறப்ப 88லருந்து 92க்குள்ளதான் வெச்சிருப்போம். நோயாளி கூட இருக்கற சொந்தக்காரங்க பாத்துட்டு "ஏன் சிஸ்டர் 90லயே நிக்குது"ன்னு, நாங்க அந்தப் பக்கம் போனதும் ஃப்ளோமீட்டர் குமிழ ஃபுல்லா திருகி விட்டுடுவாங்க. ஒரு தடவ நைட்ல ஒரு மகன் பாசத்துல இப்படி திருகி விட்டு, காலைல பாத்தா பெரியவர் 99 சாச்சுரேஷனோட எழுப்ப எழுப்ப எந்திரிக்கல, கார்பன் டை ஆக்சைடு ஏறிக் கெடக்கு. மூச்சு விடற தூண்டுதல் போயிடும்னுதான் எங்களுக்கும் சொல்லிக் குடுத்தாங்க, ஆனா அது மட்டும் காரணம் இல்ல, அதிகமா ஆக்ஸிஜன் போனதும் சுருங்கியிருந்த குழாய் எல்லாம் விரிஞ்சு, காத்து சரியா போகாத வரிசைக்கே ரத்தம் மறுபடி ஓட ஆரம்பிச்சுடும், அதுவும் ஒரு பெரிய காரணம். அவர் பொழச்சுக்கிட்டார். மகன் மூணு நாள் என் மூஞ்சியப் பாக்கல.

2021ல கொரோனா ரெண்டாவது அலையப்ப குப்புறப் படுக்க வெச்சோமே, அதுவும் இந்த விவகாரம்தான். மல்லாக்க படுத்தா இதயம், வயிறு எல்லாத்தோட பாரமும் முதுகுப்பக்க நுரையீரல அமுக்கிடும், ஆனா ரத்தம் ஜாஸ்தி போறதும் அங்கதான். குப்புற போட்டா ரத்தம் முன்பக்கம் ஓடிடும்னு தோணும், அப்படி ஆறதில்ல, குழாய் அமைப்பே அப்படி இருக்கறதால பெரும்பகுதி முதுகுப்பக்கமே போகுது, இப்ப அங்க காத்தும் வருது. பிரான்ஸ்ல நடந்து 2013ல வெளிவந்த ஆய்வுல, நுரையீரல் ரொம்ப மோசமாகி வென்டிலேட்டர்ல இருந்தவங்கள ஒரு நாளைக்கு 16 மணி நேரம் கிட்ட குப்புற போட்டதுல, 28 நாள்ல இறந்தவங்க சுமார் 33 சதவீதத்துலருந்து 16க்கு எறங்கிச்சு. ஒரு மருந்து இல்ல மாத்திரை இல்ல, நாலஞ்சு பேர் சேந்து "ஒண்ணு ரெண்டு மூணு"ன்னு சொல்லி திருப்பறதுதான். டியூப் எதுவும் கழண்டுடாம 90 கிலோ ஆள திருப்பி பாத்தா தெரியும் அந்தக் கஷ்டம். முதுகு வலி இன்னும் இருக்கு எனக்கு.

நீங்க செய்ய வேண்டியது, இந்த 95, 88 விஷயத்த நேரத்தோட ஒரு பேப்பர்ல எழுதி டூட்டி டாக்டர் கிட்ட காட்டுங்க, சும்மா வாயால சொன்னா ரவுண்ட்ஸ் அவசரத்துல காதுல விழாது. பொதுவா நல்ல பக்கம் கீழன்னுதான் வைப்போம், ஆனா நீங்களா முடிவு பண்ணாதீங்க, ஏன்னா கெட்ட பக்கத்துல சீழ் கட்டி இருந்தாலோ இருமறப்ப ரத்தம் வந்தாலோ கணக்கு மாறும், அப்ப நல்ல பக்கத்த கீழ வெச்சா சீழும் ரத்தமும் வழிஞ்சு நல்ல நுரையீரலுக்குள்ள எறங்கிடும், அதுக்கு கெட்ட பக்கத்தத்தான் கீழ வைப்பாங்க. கைக்கொழந்தைங்களுக்கும் இந்தக் கணக்கு பெரும்பாலும் தலைகீழ், அவங்களுக்கு காத்து மேல் பக்கம்தான் நல்லா போகும். அப்புறம் இடது பக்கம் படுக்க வெச்சும் 90க்கு கீழ எறங்குச்சுன்னா, இல்ல அப்பா பேச்சு கொழறுதுன்னா, பேப்பர தேடிக்கிட்டு நிக்காம பெல்ல அடிங்க.