மகள் மேடையில், நீங்கள் எங்கே?

கேள்வி: ஃபின்லாந்தின் எஸ்போவில் பல வருடமாக இருக்கிறோம். பள்ளி முடிக்கப்போகும் மகள் பொறியியல் வேண்டாம், ஹெல்சிங்கி நாடக அகாடமியில் நடிப்புதான் படிப்பேன் என்கிறாள். மூன்று வருடமாகப் பள்ளி நாடகங்களில் நடிக்கிறாள். ஃபின்னிஷ் எங்களுக்குச் சரியாக வராது என்பதால் நாங்கள் போனதில்லை. வீட்டில் வாயே திறக்காத பெண், ஃபின்லாந்து நடிகை காட்டி ஔட்டினென் மாதிரி வரப்போகிறாளாம்! அவள் மனதை எப்படி மாற்றுவது?

பதில்: நடிப்பு சோறு போடுமா என்பதை அப்புறம் பார்க்கலாம். மூன்று வருடத்தில் ஒரு நாடகத்துக்குக்கூடப் போகவில்லையா? கடிதத்தில் அதை ஒரே வரியில் தாண்டிவிட்டீர்கள். மொழி தெரியாது என்பதெல்லாம் சாக்கு. பெற்ற பிள்ளை மேடையில் நிற்பதைப் பார்க்க அகராதி எதற்கு?

ஔட்டினென் நடித்த ‘யூஹா’ (1999) ஊமைப்படம். முதலில் அதைப் பாருங்கள். அப்புறம் ‘தீப்பெட்டித் தொழிற்சாலைப் பெண்’ (1990). அதிலும் அவர் பேசுவது சொற்பம். இரண்டும் அகி கௌரிஸ்மாக்கி இயக்கியவை. வாயே திறக்காதவள் என்று கேலி செய்கிறீர்கள். பேசாத முகத்தை வைத்தே அந்த அம்மா பேர் வாங்கினார். 2002-இல் ‘கடந்தகாலம் இல்லாத மனிதன்’ படத்துக்காக கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது வாங்கியதும் சால்வேஷன் ஆர்மி என்ற கிறிஸ்தவத் தொண்டு அமைப்பின் அடக்கமான ஓர் ஊழியையாக நடித்துத்தான். தீப்பெட்டிப் படத்தில் வரும் அம்மாவையும் மாற்றாந்தந்தையையும் கொஞ்சம் உற்றுப் பாருங்கள். மகளின் சம்பளம் வேண்டும், மகள் வேண்டாம். கடைசியில் அவர்களுக்கு என்ன ஆகிறது என்று நான் சொல்லமாட்டேன்.

சரி, பிழைப்பு. அந்த அகாடமியில் இடம் கிடைப்பது குதிரைக்கொம்பு. நாட்டின் மக்கள்தொகையே சுமார் 56 லட்சம்தான், அதனால் சினிமாவை மட்டும் நம்ப முடியாது. ஔட்டினெனும் மேடை, தொலைக்காட்சி என்று எல்லாவற்றிலும் நடித்தார். உங்கள் மகள் கேட்கும் அதே அகாடமியில் நடிப்புப் பேராசிரியராகவும் இருந்தார். மகளிடம் இதையெல்லாம் ஒளிக்காமல் சொல்லுங்கள். இடம் கிடைக்காவிட்டால் வேலைக்குப் போய்க்கொண்டே மறுபடி முயலட்டும். சும்மா உட்கார்ந்து கனவு காண்பதை நானும் ஒப்புக்கொள்ளமாட்டேன். ஆனால் படிக்கும்வரை சோறு போடுவது உங்கள் கடமை, அதற்குக் கணக்குப் பார்க்காதீர்கள்.

அடுத்த நாடகத்துக்குக் கணவரையும் இழுத்துக்கொண்டு போய் முன்வரிசையில் உட்காருங்கள். திரும்பி வரும் வழியில் பொறியியல் பேச்சை எடுக்காதீர்கள். மனதை மாற்றுவது பற்றி அப்புறம் எழுதுங்கள்.