வார இறுதி வீட்டுக்கு எந்தப் பகுதியைத் தேர்ந்தெடுப்பது?

நகரத்தில் வேலை பார்த்துக்கொண்டே வார இறுதிகளில் போய்த் தங்கக் கிராமப்புறத்தில் ஒரு வீடு வாங்க விரும்புவதாகவும், எந்தப் பகுதி ஏற்றது என்றும் கேட்டிருக்கிறீர்கள். அப்படியொரு வீட்டை ஒன்பது ஆண்டுகள் வைத்திருந்து விற்றவன் என்ற முறையில் எழுதுகிறேன்.

மலையையும் ஏரியையும் பார்ப்பதற்கு முன், வெள்ளிக்கிழமை மாலையில் அங்கே போய்ச் சேர எவ்வளவு நேரமாகும் என்று பாருங்கள். நான் வீட்டைப் பார்க்கப் போனது ஒரு புதன்கிழமை காலை. இரண்டு மணி நேரத்தில் சேர்ந்துவிட்டேன். வாங்கிய பிறகோ, நகரமே ஒரே சாலையில் கிளம்பும் வெள்ளிக்கிழமைகளில் அதே தூரத்துக்கு நான்கு மணி நேரம் பிடித்தது. முதலாண்டில் மாதம் மூன்று முறை சென்ற நாங்கள், ஐந்தாம் ஆண்டில் இரண்டு மாதத்துக்கு ஒருமுறைதான் சென்றோம். பின்லாந்தில் ஐந்து லட்சத்துக்கும் மேற்பட்ட கோடைக்கால வீடுகள் இருக்கின்றன. கோடை விடுமுறையில் வாரக்கணக்கில் தங்குபவர்களுக்குத் தொலைவு பெரிய சுமையாக இருப்பதில்லை. இரண்டே இரவுகளுக்காகச் செல்பவருக்கு அந்தக் கணக்கு பொருந்தாது. டாச்சா எனப்படும் ரஷ்யர்களின் நாட்டுப்புற ஓய்வு வீடுகளில் பல, சோவியத் காலத்தில் வழங்கப்பட்ட வெறும் 600 சதுர மீட்டர் நிலத்தில் அமைந்தவை. ஆனால் புறநகர் ரயிலில் சென்று வரக்கூடிய தொலைவில் இருப்பவை ஏராளம். சிறிய நிலமானாலும் அருகில் இருப்பதே மேல் என்பது என் உறுதியான கருத்து.

அடுத்தது, வாரத்தில் ஐந்து நாள் பூட்டிக் கிடக்கும் வீட்டை யார் பார்த்துக்கொள்வார்கள் என்பது. எங்கள் கூரையில் ஓர் ஓடு விலகியதை ஆறு வாரம் கழித்தே கண்டோம். அதற்குள் மழைநீர் இறங்கி மரச்சட்டமெல்லாம் பூஞ்சை பிடித்திருந்தது. சாவியை நம்பிக் கொடுக்க ஓர் அண்டை வீடு இல்லாத இடத்தில், எவ்வளவு அழகாயிருந்தாலும், வாங்காதீர்கள்.

அந்த ஊரார் உங்களைப் போன்றவர்களை விரும்புகிறார்களா என்பதையும் விசாரியுங்கள். வெளியூர்க்காரர்கள் வாங்க வாங்க விலை ஏறி, அங்கேயே பிறந்த இளைஞர்களுக்கு வீடு கிடைக்காமல் போவது உண்மையான துயரம். ஓர் ஊராட்சியின் குடியிருப்புகளில் இரண்டாம் வீடுகள் 20 சதவீதத்தைத் தாண்டக் கூடாது என்று சுவிட்சர்லாந்து மக்கள் 2012இல் வாக்களித்தனர்; இங்கிலாந்தின் செயின்ட் ஐவ்ஸ் கடற்கரை ஊரில், புதிதாகக் கட்டப்படும் வீடுகள் நிரந்தரமாக வசிப்பவர்களுக்கே என்ற விதியை ஊரார் 2016இல் ஏற்றுக்கொண்டனர். நீங்கள் பார்க்கும் பகுதியிலும் இத்தகைய கட்டுப்பாடு உண்டா என்று முன்பணம் கொடுப்பதற்கு முன்பே உள்ளாட்சி அலுவலகத்தில் கேளுங்கள்.

ஒரு பகுதி மனத்துக்குப் பிடித்துவிட்டால், அங்கு மிகவும் கடுமையான பருவத்தில் மூன்று மாதம் வாடகைக்கு வீடு எடுத்து, ஒவ்வொரு வெள்ளிக்கிழமை மாலையும் கிளம்பிப் பாருங்கள்.